லம்பாங்கில் ஒரு வார இறுதி: வழிகாட்டியோடு போன குறும்பயணம், ஒரு நிகழ்வு ஆய்வு

வட தாய்லாந்துக்குப் போகிறவர்களில் பெரும்பாலோர் சியாங் மாயோடு நின்றுவிடுகிறார்கள். அங்கிருந்து தென்கிழக்கே சுமார் 100 கிலோமீட்டரில், வாங் ஆற்றங்கரையில் லம்பாங் இருக்கிறது. முன்பு இந்த வட பகுதியை ஆண்ட லான்னா அரசர்கள் காலத்து மரக் கோயில்கள், தேக்கு வியாபாரம் கொழித்த நாளில் பர்மியர்கள் கட்டிய விகாரைகள், இன்றும் தெருவில் ஓடும் குதிரை வண்டிகள் என்று இந்த ஒரே ஊரில் பார்க்க நிறைய உண்டு. வருகிறவர்கள் பலரும் பகலில் எட்டிப் பார்த்துவிட்டு இருட்டுவதற்குள் திரும்பிவிடுவதால், மாலைக்கு மேல் ஊர் மறுபடியும் ஊர்க்காரர்களுடையதாகிவிடுகிறது.

உறவினரும் நண்பர்களுமாக, ஒரு வேனில் அடங்கும் குழுவை நான் அங்கே அழைத்துப் போனேன். வெள்ளி பிற்பகல் கிளம்பி திங்கள் திரும்புவதாக ஏற்பாடு. குழுவில் அறுபதைத் தாண்டியவர்கள் இருந்தார்கள், கல்லூரிப் பிள்ளைகள் இருந்தார்கள், சுத்த சைவமும் இருந்தது. அந்தப் பயணம் எப்படித் திட்டமிடப்பட்டது, எது பலன் தந்தது, எதை விட்டோம், ஏன் விட்டோம் என்பதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

கிளம்பும் முன் குழுவில் ஒருவர் நியாயமான ஒரு கேள்வி கேட்டார். ஊர் சின்னது, வரைபடம் கைபேசியிலேயே இருக்கிறது, அப்புறம் வழிகாட்டிக்கு எதற்குச் செலவு? பயணம் முடிந்தபோது இதற்கு என்னிடம் தெளிவான பதில் இருந்தது. லம்பாங்கில் பார்க்கத்தக்கவற்றில் முக்கால்வாசி, ஒரு கிழமையையோ ஒரு வேளை வெயிலையோ சார்ந்தவை. வரைபடம் இடத்தைக் காட்டும், எந்த வேளையில் போய் நிற்பது என்பதைக் காட்டாது.

முதலில் கைக்கு வந்த திட்டம்

சியாங் மாயில் கிடைக்கும் வழக்கமான ஒருநாள் திட்டம்தான் முதலில் வந்தது. காலையில் கிளம்பி யானை மையம், பீங்கான் பட்டறை, ஊருக்கு வெளியே உள்ள பெரிய கோயில், ஊருக்குள் இரண்டு மூன்று கோயில்கள், குதிரை வண்டிச் சவாரி, இரவுக்குள் திரும்புதல். தாளில் பார்க்க நிறைவாகத்தான் இருந்தது. ஓரிடத்துக்கு முக்கால் மணி நேரம் என்று வைத்தால், இறங்கி, செருப்பைக் கழற்றி, படம் எடுத்து, மறுபடி ஏறுவதற்கே அந்த நேரம் போய்விடும். மூட்டு வலி உள்ளவர்களுக்கு இந்த ஏறி இறங்குதலே பெரிய வேலை.

லம்பாங்கிலேயே வசிக்கும் ஒரு பெண் வழிகாட்டியைத் தேடிப் பிடித்தோம். அவர் கேட்ட கேள்விகளின் வரிசை எனக்குப் பிடித்திருந்தது. வருவது எந்தக் கிழமை என்று முதலில் கேட்டார். பிறகு எந்த மாதம் என்றார். உங்களில் படியேற முடியாதவர்கள் யார் என்பது மூன்றாவது. எந்தெந்தக் கோயில் பார்க்க வேண்டும் என்று அவர் கேட்கவே இல்லை. எங்கள் பதில்களை வைத்துக்கொண்டு பட்டியலில் பாதியை அடித்துவிட்டு, மீதியை வேறு வரிசையில் அடுக்கிக் கொடுத்தார்.

ஏற்பாடு செய்பவர்களுக்கு ஒரு சட்ட விஷயம். தாய்லாந்தில் சுற்றுலா வழிகாட்டி வேலை தாய்லாந்துக் குடிமக்களுக்கென்றே ஒதுக்கப்பட்டது. 2008-ல் வந்த சுற்றுலாத் தொழில் மற்றும் வழிகாட்டிச் சட்டப்படி அவர்களும் உரிமம் வைத்திருக்க வேண்டும். ஊரிலிருந்து கூடவே போகும் நம் ஆள் கோயிலில் நின்று விளக்கம் சொல்லும் வேலையைத் தொழிலாகச் செய்ய முடியாது. ஆகவே உரிமம் உள்ள உள்ளூர் வழிகாட்டி ஆங்கிலத்தில் சொல்ல, நான் எங்கள் வீட்டுப் பெரியவர்களுக்குத் தமிழில் சொல்வது என்று முடிவானது. நீண்ட கதைகளை மொத்தமாகக் கேட்டுவிட்டுத் திருப்பிச் சொன்னால் பாதி வடிந்துவிடும். இதை முதல் மாலையிலேயே கவனித்த அவர், கதையைத் துண்டு துண்டாக நிறுத்திச் சொல்லத் தொடங்கினார். அந்த ஒரு மாற்றம் பெரியவர்களைக் கடைசிவரை கூடவே வைத்திருந்தது.

போன வழி

சியாங் மாயிலிருந்து ரயிலில் போனோம். சாலையில் நேரம் குறைவுதான், ஆனாலும் இந்த ரயில் பாதையை விடக்கூடாது என்பது என் கருத்து. வழியில் குன் தான் மலையைக் குடைந்து 1,352 மீட்டர் நீளச் சுரங்கம் போகிறது. 1907-ல் தொடங்கிய வேலை 1918-ல்தான் முடிந்தது. வேலையை நடத்தியவர் எமில் ஐசன்ஹோஃபர் என்ற ஜெர்மானியப் பொறியாளர். 1917-ல் சயாம் (தாய்லாந்தின் அன்றைய பெயர்) முதல் உலகப் போரில் ஜெர்மனிக்கு எதிராக இறங்கியதும் இங்கே வேலை பார்த்த ஜெர்மானியர்கள் காவலில் வைக்கப்பட்டார்கள். ஐசன்ஹோஃபரின் நினைவிடம் சுரங்க வாய்க்கு அருகே இருக்கிறது. குன் தான் நிலையம் கடல் மட்டத்திலிருந்து 578 மீட்டர் உயரத்தில் உள்ளது.

லம்பாங்குக்கு ரயில் வந்தது 1916-ல். சுரங்கம் முடியும்வரை வடக்கே போகும் சரக்கும் ஆளும் இங்கேதான் இறங்கவேண்டி இருந்தது. குதிரை வண்டிகள் ஊருக்குள் பெருகியதும் அந்த நாட்களில்தான். இதையெல்லாம் வழிகாட்டி நிலையத்து வாசலில், வண்டிகளைப் பார்த்தபடியே சொன்னார். அன்றைக்கு அவ்வளவுதான், சாப்பாடு, தூக்கம்.

ஒரு கோயிலுக்கு ஒரு முழுக் காலை

சனிக்கிழமைக் காலை முழுவதையும் வாட் ப்ரா தாட் லம்பாங் லுவாங் என்ற ஒரே கோயிலுக்கு ஒதுக்கியிருந்தார். ஊரிலிருந்து 18 கிலோமீட்டர் தென்மேற்கே, கோ கா வட்டாரத்தில் இருக்கிறது. இந்தப் பயணத்தின் உயிர் இங்கேதான், அதனால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

கோயில் ஒரு மேட்டின் மேல், மதில் சூழ இருக்கிறது. பழைய கோட்டை ஊர் ஒன்றின் நடுவே எழுந்தது. நாகங்கள் இரண்டு பக்கமும் இறங்கும் படிகளில் ஏறி வாயிலைக் கடந்தால், எதிரே பெரிய மண்டபம். 1476-ல் கட்டப்பட்டது. தாய்லாந்தில் இன்று நிற்கும் மிகப் பழைய மரக் கட்டடங்களில் ஒன்றாக இதைச் சொல்கிறார்கள். பக்கச் சுவர் இல்லை. அடுக்கடுக்கான கூரை தாழ இறங்கி வருவதால் உள்ளே எப்போதும் நிழல்தான். கட்டிப் பிடிக்க முடியாத தேக்குத் தூண்கள், அவற்றில் கறுப்பும் சிவப்புமான அரக்குப் பூச்சின் மேல் தங்க வேலை. கடைசியில் பொன் முலாம் பூசிய கூண்டுக்குள், 1563-ல் வார்க்கப்பட்ட புத்தர். வழிகாட்டி எங்களைத் தரையில் உட்காரச் சொன்னார். கால் பாதம் புத்தரை நோக்காமல் மடக்கி உட்கார வேண்டும் என்பதை மட்டும் முதலில் சொல்லிவிட்டு, வெகுநேரம் பேசாமல் இருந்தார். பக்கத்து ஊர்க் குடும்பம் ஒன்று பூவும் மெழுகுவத்தியுமாக வந்து வணங்கிப் போனது. ராசிச் சுழற்சியில் எருது ஆண்டில் பிறந்தவர்களுக்கு இது உரிய கோயில், அதனால் தொலைவிலிருந்தும் வருவார்கள் என்றார்.

மண்டபத்துக்குப் பின்னால் 45 மீட்டர் உயர ஸ்தூபி. செம்பு, பித்தளைத் தகடுகள் போர்த்தியிருக்கிறார்கள். அவை காலத்தில் பச்சையும் பழுப்புமாக நிறம் மாறி நிற்கின்றன. அதைச் சுற்றியுள்ள கம்பித் தடுப்பில் ஒரு துளை. விரலால் தொட்டுப் பார்க்கலாம். துப்பாக்கிக் குண்டு துளைத்த இடம் என்கிறார்கள்.

1732-ல் லம்பாங் தலைவன் இல்லாமல் கிடந்தது. லான்னாவில் பர்மியர் ஆதிக்கம் நிலவிய காலம். பக்கத்து ஊரான லாம்பூனிலிருந்து வந்த படை இந்தக் கோயில் மதிலுக்குள்ளேயே முகாமிட்டிருந்தது. திப் சாங் என்ற வீரர் இரவில் கோயிலின் நீர்த்தாரை வழியாக ஊர்ந்து உள்ளே வந்து, படைத் தலைவனைச் சுட்டுக் கொன்றார். ஊர் அவரையே தலைவராக்கியது. அவர் பேரன் கவிலா 1775-ல் சயாம் படையோடு சேர்ந்து சியாங் மாயைப் பர்மியரிடமிருந்து மீட்டார். சியாங் மாயையும் லம்பாங்கையும் லாம்பூனையும் அதற்குப் பின் ஆண்டவர்கள் இந்த வழி வந்தவர்களே. வேனில் வரும்போது இதைச் சொல்லியிருந்தால் பெயர்களாகக் கேட்டு மறந்திருப்போம். துளைக்குப் பக்கத்தில் நிற்கவைத்து, ஊர்ந்து வந்ததாகச் சொல்லப்படும் வழியைக் காட்டிவிட்டுச் சொன்னதால், கல்லூரிப் பிள்ளைகள் கைபேசியைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டார்கள்.

அடுத்து நிழல். இங்கே புத்தர் பாதம் இருக்கும் சிறு கட்டடம் ஒன்று உண்டு. உள்ளே இருட்டு. கதவை மூடினால், சின்னத் துளை வழியாக நுழையும் வெளிச்சம் எதிரே விரித்த வெள்ளைத் துணியில் ஸ்தூபியைத் தலைகீழாக வரைகிறது. நேர்கோட்டில் வரும் ஒளி துளையில் குறுக்கே மாறிப் போவதால் மேலது கீழாகவும் கீழது மேலாகவும் விழுகிறது, பள்ளியில் படித்த ஊசித்துளைக் கேமரா விதிதான். ஆனால் பல நூற்றாண்டு பழைய கோயிலில், நிறத்தோடு, சுற்றுக் கட்டடங்களோடு அது துணியில் நிற்பதைப் பார்க்கும்போது விதி தெரிந்திருப்பது வியப்பை ஒன்றும் குறைக்கவில்லை. மேகம் மூடினால் படம் மங்கிவிடும். அதனால்தான் ஸ்தூபி மேல் நல்ல வெயில் விழும் வேளைக்கு எங்களை அங்கே கொண்டுவந்து நிறுத்தும்படி காலைத் திட்டம் முழுவதும் கட்டப்பட்டிருந்தது.

இந்தக் கட்டடத்தில் பெண்கள் ஏறக்கூடாது என்று பலகை இருக்கிறது. லான்னா கோயில்கள் பலவற்றில் இத்தகைய தடை உண்டு. முன்கூட்டியே எனக்குத் தெரியும், பெரியவர்களிடம் சொல்லியும் வைத்திருந்தேன். இருந்தாலும் படிக்கட்டின் கீழே நின்றபோது அத்தை, "இவ்வளவு தூரம் வந்து நான் வெளியே நிற்கணுமா, தம்பி?" என்றார். எனக்கும் அந்தத் தடை ஒப்பவில்லை, அதைச் சொல்லவும் செய்தேன். வழிகாட்டியும் பெண்தான். அவர் அதை நியாயப்படுத்திப் பேசவில்லை. அத்தையின் கையைப் பிடித்து, அதே வளாகத்தில் இன்னொரு மண்டபத்துக்கு அழைத்துப் போனார். அங்கேயும் ஸ்தூபியின் தலைகீழ் உரு விழுகிறது, பெண்கள் தாராளமாகப் பார்க்கலாம். அத்தை அங்கே வெகுநேரம் நின்றார். வழிகாட்டி இல்லாமல் வந்த வேறு சிலர் முதல் கட்டடத்துப் பலகையைப் பார்த்துவிட்டு அப்படியே திரும்பிப் போனதையும் அன்று கண்டோம்.

பக்கத்து மண்டபம் ஒன்றில் 16-ஆம் நூற்றாண்டு ஓவியங்கள் இருக்கின்றன. வட தாய்லாந்தில் எஞ்சியவற்றில் மிகப் பழையவை என்று கருதப்படுபவை. மங்கிப் போயிருக்கின்றன, பொறுமை இருந்தால்தான் உருவங்கள் பிடிபடும். குழுவில் பாதிப் பேர் அதற்குள் மரத்தடிக்குப் போய்விட்டார்கள். அது பரவாயில்லை. நேரம் தாராளமாக இருந்ததால் யாரும் யாரையும் இழுக்கவேண்டி வரவில்லை.

சனி மாலைக்கு ஒரு காரணம்

கிழமையை முதலில் கேட்டதன் பொருள் மாலையில் புரிந்தது. வாங் ஆற்றை ஒட்டிய காட் கோங் தா என்ற பழைய கடைத்தெரு, நடைத்தெருவாக மாறுவது சனி, ஞாயிறு மாலைகளில் மட்டும்தான். சீன, பர்மிய, மேற்கத்தியப் பாணிகள் கலந்த மர வீடுகள் வரிசையாக நிற்கும் தெரு. வார நாளில் வந்தால் மூடிய கதவுகளைத்தான் பார்க்க முடியும். சனி மாலை அங்கே உள்ளூர்க் குடும்பங்கள் நடந்தபடியே சாப்பிட்டார்கள், வெளிநாட்டு முகங்கள் கொஞ்சமே. தர்பூசணிச் சாறு சேர்த்துப் பிசைந்து, காயவைத்துப் பொரித்து, மேலே வெல்லப் பாகு ஊற்றும் அரிசி அப்பளம் ஒன்று இங்கே பெயர் பெற்றது, காவ் தேன் என்கிறார்கள். சேவல் படம் போட்ட கிண்ணங்களும் கடைக்குக் கடை. லம்பாங் மண்ணில் நல்ல வெண்களிமண் கிடைப்பது தெரிந்த பிறகு, 1950-களிலிருந்து ஹக்கா சீனர்கள் இங்கே சூளைகள் தொடங்கினார்கள்.

சைவர்களுக்கு ஒரு வார்த்தை. இறைச்சி வேண்டாம் என்று சொன்னால் போதாது, மீன் சாறு எல்லாவற்றிலும் இருக்கும். 'ஜே' என்று சொல்லிக் கேட்க வேண்டும். அந்த எழுத்தை மஞ்சள் கொடியில் சிவப்பாகப் போட்டிருக்கும் கடைகளில் மீன் சாறும் இல்லை, பூண்டும் வெங்காயமும்கூட இல்லை. வழிகாட்டி முன்பே இரண்டு கடைகளில் பேசி வைத்திருந்ததால் எங்களுக்குச் சிரமம் வரவில்லை.

தேக்கும் பர்மியக் கோயில்களும்

ஞாயிறு ஊருக்குள். 19-ஆம் நூற்றாண்டின் பிற்பாதியில் பாம்பே பர்மா, போர்னியோ போன்ற பிரிட்டிஷ் நிறுவனங்கள் இந்தக் காடுகளில் தேக்கு வெட்டின. வேலை தெரிந்த பர்மியர்களையும் ஷான் மக்களையும் கூடவே கொண்டுவந்தன. அவர்களில் பணம் சேர்த்தவர்கள் கோயில்கள் கட்டினார்கள். வெட்டிய மரங்களில் குடியிருந்த ஆவிகளுக்குப் பரிகாரமாகவும் கட்டினார்கள் என்று சொல்வார்கள். வாட் சி ரோங் மூவாங்கில் தூண்களில் வண்ணக் கண்ணாடி பதித்திருக்கிறார்கள், கூரை பல அடுக்காக எழும்புகிறது. அருகிலேயே பெரிய பர்மியக் கோயிலான வாட் சி சும். அதன் மண்டபம் 1992-ல் தீயில் போய், மறுபடி கட்டப்பட்டது. அங்கே நாங்கள் அதிகம் தங்கவில்லை.

வாட் ப்ரா கேவ் டோன் தாவ் சுஜாதாராம் கோயிலில் நேரம் எடுத்துக்கொண்டோம். இன்று பாங்காக் அரண்மனைக் கோயிலில் இருக்கும் மரகத புத்தர் 1436 முதல் 1468 வரை இங்கேதான் இருந்தார். சியாங் ராயிலிருந்து சியாங் மாய்க்குக் கொண்டுபோக நினைத்தபோது, சுமந்த யானை திரும்பத் திரும்ப லம்பாங் பக்கமே நடந்ததாம். அரசர் சாம் ஃபாங் கேன் அதை விதியாக ஏற்றுக்கொண்டார். திலோகராஜ் அரசர் காலத்தில்தான் சிலை சியாங் மாய் போனது. சுஜாதா என்ற பெண்ணின் கதையும் இந்த இடத்தைச் சேர்ந்தது. அவள் துறவிக்குக் கொடுத்த தர்பூசணிக்குள் பச்சைக் கல் இருந்தது, அதில் புத்தர் உரு செதுக்கப்பட்டது. ஊர் அவர்கள் இருவரையும் சந்தேகித்தது, அவளுக்கு மரண தண்டனை கிடைத்தது. தர்பூசணிக் கல்லில் செதுக்கிய அந்தச் சிலை முந்தின நாள் நாங்கள் பார்த்த பெரிய கோயிலில் இப்போது இருக்கிறது. அங்கே சிலையைக் காட்டியபோது வழிகாட்டி கதையைச் சொல்லாமல் வைத்திருந்து, அவள் பெயரையும் தாங்கி நிற்கும் இந்தக் கோயிலில் சொன்னார். கேட்டவர்களில் சிலர் கண் கலங்கினார்கள்.

வாட் போங்சனுக்கில் மேட்டின் மேல் நாற்புறமும் திறந்த மர மண்டபம் ஒன்று. ஊர் மக்களே சேர்ந்து செப்பனிட்டதற்காக 2008-ல் யுனெஸ்கோவின் ஆசிய பசிபிக் மரபுப் பாதுகாப்பு விருது பெற்றது. பிற்பகலில் பான் சாவ் நாக், 1895-ல் கட்டிய தேக்கு வீடு, 116 தூண்கள். வெயில் தாழ்ந்த பிறகு குதிரை வண்டி. வண்டி ஏறலாமா என்பதில் குழுவில் கருத்து வேறுபாடு இருந்தது. ஏற விரும்பியவர்கள் ஆற்றோரமாகச் சின்னச் சுற்று போனார்கள், மற்றவர்கள் 1917-ல் கட்டிய வெள்ளைப் பாலத்தில் நடந்தார்கள்.

விட்டவை

செங்குத்தான பாறை உச்சிகளில் வெள்ளை ஸ்தூபிகள் நிற்கும் படம் இணையத்தில் சுற்றுகிறதே, அது இதே மாவட்டத்தில் சே ஹோம் வட்டாரத்தில் இருக்கிறது. பிள்ளைகள் அதைத்தான் கேட்டார்கள். ஊரிலிருந்து நல்ல தொலைவு, பிறகு உள்ளூர் வண்டியில் ஏற்றம், அதன் பிறகும் செங்குத்துப் படிகள். முழுநாள் போய்விடும், பெரியவர்கள் கீழே காத்திருக்க வேண்டும். ஆகவே விட்டோம். இளைஞர்கள் மட்டும் போகும் குழுவாக இருந்தால் நான் அதைச் சேர்ப்பேன், ஒரு இரவு கூட்டி.

திங்கள் வேனில் திரும்பும் வழியில் ஹாங் சாட்டில் தாய் யானைப் பாதுகாப்பு மையத்தில் நின்றோம். 1989-ல் தாய்லாந்து காடு வெட்டுவதைத் தடை செய்ததும் மரம் இழுத்த யானைகளுக்கும் பாகர்களுக்கும் பிழைப்பு போனது. முந்தின நாள் தேக்கின் கதையைக் கேட்டிருந்ததால் இந்த இடம் தனியான ஒரு நிறுத்தமாகத் தோன்றவில்லை. பக்கத்திலேயே யானைகளுக்கான மருத்துவமனை உண்டு. 1999-ல் கண்ணிவெடியில் கால் இழந்த மோத்தலா என்ற யானைக்கு 2009-ல் செயற்கைக் கால் பொருத்தியது அங்கேதான்.

அடுத்து ஏற்பாடு செய்பவர்களுக்கு

சனிக்கிழமை இரவு லம்பாங்கில் தங்கும்படி திட்டமிடுங்கள். வழிகாட்டியிடம் உரிம அட்டையைக் கேட்டுப் பாருங்கள், கேட்பதில் மரியாதைக் குறைவு ஒன்றும் இல்லை. கூலியை இடக் கணக்கில் பேசாமல் நாள் கணக்கில் பேசுங்கள், அப்போதுதான் அவரும் அவசரப்பட மாட்டார். தோளும் முழங்காலும் மூடிய உடை எல்லோருக்கும் வேண்டும். பெண்களுக்கான தடையைக் கிளம்பும் முன்பே வீட்டில் சொல்லிவிடுங்கள், இன்னொரு மண்டபம் இருப்பதையும் சேர்த்தே சொல்லுங்கள்.

மாதம் முக்கியம். நவம்பர் முதல் ஜனவரி வரை வானம் தெளிவாக இருக்கும், காலையில் குளிரும். பிப்ரவரி கடைசியிலிருந்து ஏப்ரல் வரை வயல்களிலும் காடுகளிலும் எரியும் தீயின் புகை வட தாய்லாந்துப் பள்ளத்தாக்குகளில் தேங்கிவிடுகிறது. மூச்சுத் தொல்லை உள்ளவர்களை அப்போது அழைத்துப் போகக்கூடாது.